கடலோர வீடு, தினமும் 3 கிலோமீட்டர் ஓட்டம்: சைலன்சர் ஏன் இவ்வளவு விரைவில் துருப்பிடிக்கிறது?

பிளப்வாசி (டர்பன்)

அனைவருக்கும் வணக்கம். தென்னாப்பிரிக்காவின் டர்பன் துறைமுகத்துக்குத் தெற்கே பிளப் பகுதியில், கடலிலிருந்து அரைக் கிலோமீட்டர்கூட இல்லாத ஒரு தெருவில் குடியிருக்கிறேன். என்னிடம் இருப்பது 9 ஆண்டு பழைய சிறிய பெட்ரோல் கார். அதன் முதல் பின்பக்கச் சைலன்சர் 6 ஆண்டுகள் உழைத்தது. அதை மாற்றிப் போட்ட இரண்டாவது சைலன்சர் 26 மாதங்களில் ஓட்டையாகிவிட்டது. இப்போது காலையில் காரைக் கிளப்பினால் தெருவே திரும்பிப் பார்க்கிறது.

உப்புக்காற்றுதான் காரணம் என்று எல்லோரும் சொல்கிறார்கள். நானும் அப்படித்தான் நினைத்தேன். ஆனால் ஒன்று இடிக்கிறது. என் அண்ணனும் இதே மாதிரிக் காரை இதே ஆண்டில் வாங்கினார், என் வீட்டுக்கு இரண்டு தெரு தள்ளித்தான் இருக்கிறார். அவர் காருக்கு அடியில் ஒரு நாளும் தண்ணீர் அடித்ததில்லை, பெயின்ட் பூசியதில்லை. அவருடைய முதல் சைலன்சர் இன்றுவரை சத்தமில்லாமல் ஓடிக்கொண்டிருக்கிறது. நானோ வெப்பம் தாங்கும் வெள்ளிப் பெயின்டை வாங்கி இரண்டு முறை பூசியவன். எங்கள் இருவருக்கும் உள்ள ஒரே வேறுபாடு, அவர் தினமும் வேலைக்கு உள்நாட்டில் வெகுதூரத்திலுள்ள பீட்டர்மாரிட்ஸ்பர்க் போய்வருகிறார், நான் மகளைப் பள்ளியில் விட்டுவிட்டு வீடு திரும்புகிறேன் என்பதுதான். போக 3 கிலோமீட்டர், வர 3 கிலோமீட்டர்.

கழற்றிய சைலன்சரைக் கையில் எடுத்து ஆட்டிப் பார்த்தேன். டப்பாவில் உளுந்தைப் போட்டுக் குலுக்கியது போல உள்ளே ஏதோ கலகலத்தது. கவிழ்த்தபோது தேநீர் நிறத்தில் ஒரு குவளைத் தண்ணீர் கொட்டியது. கார் கழுவிய தண்ணீர் அங்கே எப்படிப் போயிருக்கும் என்பது எனக்குப் புரியவில்லை. புதிதாக எதை வாங்குவது, எதைப் பூசுவது என்று அறிந்தவர்கள் சொல்ல வேண்டும்.

வேதியியல் ஆசிரியர் (சாட்ஸ்வொர்த், பணி ஓய்வு)

தம்பி, அது கார் கழுவிய தண்ணீரும் அன்று, மழைத் தண்ணீரும் அன்று. நீங்கள் பெட்ரோல் நிலையத்தில் காசு கொடுத்து வாங்கிய தண்ணீர்தான்.

பெட்ரோல் என்பது கரியும் ஹைட்ரஜனும் சேர்ந்த சேர்மங்களின் கலவை. அது எரியும்போது கரி கார்பன் டை ஆக்சைடாகவும், ஹைட்ரஜன் காற்றிலுள்ள ஆக்சிஜனோடு சேர்ந்து நீராவியாகவும் மாறுகின்றன. ஒரு லிட்டர் பெட்ரோல் எரிந்தால் கிடைக்கும் நீர் ஏறக்குறைய ஒரு லிட்டர் என்று நான் வகுப்பில் சொல்லும்போதெல்லாம் பிள்ளைகள் நம்ப மறுப்பார்கள். குளிர்ந்த இஞ்சினில் 6 கிலோமீட்டர் ஓட அரை லிட்டருக்கு மேல் பெட்ரோல் செலவாகும் என்று வைத்துக்கொண்டால், உங்கள் சைலன்சர் வழியே ஒரு நாளில் அரை லிட்டர் அளவுக்கு நீராவி கடந்து போகிறது.

குழாய் சூடாக இருந்தால் அந்த நீராவி ஆவியாகவே வெளியேறிவிடும். உலோகத்தின் வெப்பநிலை ஏறக்குறைய 50 பாகை செல்சியசுக்குக் கீழே இருந்தால் சுவரில் பனித்து நீராகிவிடும். குளிர்காலக் காலையில் கார்களின் பின்குழாயிலிருந்து நீர் சொட்டுவதைப் பார்த்திருப்பீர்கள். இஞ்சினிலிருந்து புகையைச் சேர்த்து வெளியே அனுப்பும் மேனிபோல்டு குழாய் சில நிமிடங்களில் நூற்றுக்கணக்கான பாகைக்குச் சூடேறிவிடும். ஆனால் காரின் வாலில் தொங்கும் கனமான பின் சைலன்சர் சூடேறுவதற்குள் நீங்கள் பள்ளி வாசலை அடைந்து இஞ்சினை நிறுத்திவிடுகிறீர்கள். உள்ளே பனித்த நீர் அங்கேயே தேங்கிவிடுகிறது.

அதுவும் வெறும் நீர் அன்று. கார்பன் டை ஆக்சைடு, நைட்ரஜன் ஆக்சைடுகள், எரிபொருளில் உள்ள கந்தகத்திலிருந்து வரும் ஆக்சைடுகள் எல்லாம் கரைந்து அது மெல்லிய அமிலமாகிவிடுகிறது. மெல்லிய அமிலம், ஆக்சிஜன், இளஞ்சூடு, இரும்பு ஆகிய நான்கையும் ஒரு மூடிய பெட்டிக்குள் வைத்து இரவெல்லாம் ஊறவைத்தால் என்ன ஆகும் என்பதை நான் சொல்ல வேண்டியதில்லை. உங்கள் அண்ணன் கார் வழியிலுள்ள பைன்டவுன் தாண்டுவதற்குள் சைலன்சர் நன்றாகக் காய்ந்துவிடும், அவ்வளவுதான் வேறுபாடு. நீங்கள் வெளியே பூசிய பெயின்ட் உள்ளே நடப்பதை எப்படித் தடுக்கும்?

லெனேசியா லெட்சுமணன்

எங்கள் கார் 14 ஆண்டாக ஓடுகிறது. தொழிற்சாலையில் போட்ட அதே சைலன்சர்தான். பூச்சும் இல்லை, பராமரிப்பும் இல்லை. டர்பன்காரர்கள் தேவையில்லாமல் கவலைப்படுகிறீர்கள் என்று நினைக்கிறேன்.

பட்டறை அண்ணா (பீனிக்ஸ்)

லெட்சுமணன் ஐயா, உங்கள் லெனேசியா இருக்கும் ஜோகன்னஸ்பர்க் கடல் மட்டத்துக்கு 1,700 மீட்டர் உயரத்தில், கடலிலிருந்து சில நூறு கிலோமீட்டர் உள்ளே இருக்கிறது. குளிர்காலம் முழுவதும் காற்று எலும்பு போல் காய்ந்து கிடக்கும். சாலையில் உப்புத் தூவும் வழக்கமும் நம் நாட்டில் இல்லை. அங்கே சைலன்சர் துருப்பிடித்தால்தான் வியப்பு. அங்கிருந்து வாங்கிவரும் பழைய கார்களுக்கு டர்பனில் இரண்டு காசு கூடுதல் மதிப்புக் கொடுப்பதே அடிப்பகுதியைப் பார்த்துத்தான்.

பிளப்வாசி தம்பிக்குச் சொல்கிறேன். ஆசிரியர் சொன்னது முழுக்கச் சரி. ஆனால் உப்பை அவர் சற்று எளிதாக விட்டுவிட்டார். நான் 30 ஆண்டுகளாகச் சைலன்சர்களை வெட்டிப் போடுகிறேன். உள்ளிருந்து அரித்த சைலன்சர் அடிப்பகுதியில், அதாவது தண்ணீர் தேங்கும் தாழ்வான தையலில் ஓட்டையாகும், ஓட்டையின் விளிம்பு தாள் போல மெலிந்திருக்கும். வெளியிலிருந்து அரித்தது வேறு மாதிரி. குழாய்களை இணைக்கும் பிளாஞ்ச் தகடு, போல்ட், கிளாம்ப், வெல்டிங் தையல், ரப்பர் தொங்கலைப் பிடிக்கும் கம்பி ஆகிய இடங்களில் துரு அடுக்கடுக்காகத் தடித்து, அப்பளம் போல உரிந்து வரும். பிளப்பிலிருந்தும் அமன்சிம்டோட்டியிலிருந்தும் வரும் கார்களில் இரண்டுமே இருக்கும். சாட்ஸ்வொர்த், பீனிக்ஸ் என்று கடலைவிட்டுச் சில கிலோமீட்டர் உள்ளே வந்தாலே வெளித்துரு வெகுவாகக் குறைந்துவிடும், ஏனென்றால் அலையிலிருந்து கிளம்பும் உப்புத்துளிகளில் பெரும்பகுதி கரையை ஒட்டியே விழுந்துவிடுகிறது.

இனி 26 மாதக் கதைக்கு வருவோம். முதலில் இருந்தது கம்பெனிப் பொருள். கம்பெனிகள் பெரும்பாலும் அலுமினியப் பூச்சு ஏற்றிய இரும்பையோ, 409 வகை எவர்சில்வரையோ போடுகின்றன. இரண்டாவதாக உங்களுக்கு மாட்டியது சாதாரண இரும்புத் தகட்டில் வெள்ளிப் பெயின்ட் அடித்ததாக இருக்கும். கடையில் தொங்கும்போது இரண்டும் ஒன்று போலவே மினுங்கும். ஓரத்தில் அரத்தால் மெல்ல ஒரு கீறு கீறிப் பாருங்கள். பெயின்ட் என்றால் தூளாக உதிரும். அலுமினியப் பூச்சு உலோகத்தோடு ஒட்டிய தோல், உதிராது.

வாடிக்கையாளர்கள் பலர் காந்தத்தோடு வருகிறார்கள். காந்தம் ஒட்டினால் அது எவர்சில்வர் இல்லை என்று சண்டைக்கு வருகிறார்கள். சமையலறைப் பாத்திரத்தைப் பார்த்துக் கற்றுக்கொண்ட பாடம் அது. பாத்திரத்துக்குப் பயன்படும் 304 வகையில் 18 விழுக்காடு குரோமியமும் 8 விழுக்காடு நிக்கலும் உண்டு, அதில் காந்தம் ஒட்டாது. 409 வகையில் ஏறக்குறைய 11 விழுக்காடு குரோமியம், நிக்கல் இல்லை என்றே சொல்லலாம். அதில் காந்தம் நன்றாகவே ஒட்டும். நம் நாட்டிலேயே உருவாகிச் சர்க்கரை ஆலைகளில் இன்றும் பயன்படும் 3சிஆர்12 தகடும் இதே குடும்பம்தான், 12 விழுக்காடு குரோமியம், அதிலும் காந்தம் ஒட்டும். இந்த வகைகள் கடற்காற்றில் சில மாதங்களிலேயே மேலே பழுப்பேறிவிடும். பார்க்க அசிங்கமாக இருக்கும், ஆனால் அந்தப் பழுப்பு ஆழமாக இறங்குவது மெதுவாகத்தான்.

என் கருத்து இது. காரை இன்னும் இரண்டு ஆண்டில் விற்கப் போகிறீர்கள் என்றால் அலுமினியப் பூச்சு போதும். வைத்துக்கொள்ளப் போகிறீர்கள் என்றால் 409 போடுங்கள். பிளப்பில் இருந்துகொண்டு சாதாரண இரும்பை வாங்குவது காசைக் கடலில் போடுவதற்குச் சமம்.

பிளப்வாசி

மிக்க நன்றி அண்ணா, ஆசிரியர் ஐயாவுக்கும் நன்றி. நீங்கள் சொன்னபடியே ஓரத்தைக் கீறிப் பார்த்தேன், தூளாகத்தான் உதிர்ந்தது. இன்னொரு ஐயம். உள்ளே அரித்தது புரிகிறது. ஆனால் வெளியே நான் பூசிய பெயின்டும் மூன்றே மாதத்தில் ஏடு ஏடாக உரிந்துவிட்டது. டப்பாவில் 650 பாகை வரை தாங்கும் என்று எழுதியிருந்தது. என் சைலன்சர் அதில் பாதிகூடச் சூடாகாதே, பிறகு ஏன் உரிந்தது?

பட்டறை அண்ணா

பாதிகூடச் சூடாகாததால்தான் உரிந்தது! இதை விளங்கிக்கொண்டவர்கள் மிகக் குறைவு.

அந்தப் பெயின்டுகள் சிலிக்கோன் பிசினால் ஆனவை. காற்றில் காய்ந்தால் தொட்டுப் பார்க்க உலர்ந்தது போலத் தோன்றுமே தவிர, பிசின் இறுகியிராது. படிப்படியாகச் சூடேற்றி 200 பாகை அளவுக்குக் கொண்டுபோனால்தான் அது இறுகி உலோகத்தைப் பிடித்துக்கொள்ளும். டப்பாவின் பின்பக்கம் பொடி எழுத்தில் இது இருக்கும், யாரும் படிப்பதில்லை. 3 கிலோமீட்டர் ஓட்டத்தில் உங்கள் பின் சைலன்சர் அந்தச் சூட்டை ஒரு நாளும் எட்டியிருக்காது. அரைவேக்காட்டுப் பெயின்ட் மேல் உப்பு ஈரம் படிந்து உரித்துவிட்டது.

நான் செய்யும் முறையைச் சொல்கிறேன். சைலன்சரைக் கழற்றி வைத்துக்கொண்டு செய்ய வேண்டும். காருக்கு அடியில் படுத்துக்கொண்டு அடித்தால் மேல்பக்கம் அப்படியே விட்டுப்போகும், சேறும் உப்பும் தங்குவது அந்த மேல்பக்கத்தில்தான். கம்பித் தூரிகையாலும் உப்புத்தாளாலும் தளர்ந்த துருவையெல்லாம் நீக்கி, தின்னர் நனைத்த துணியால் துடையுங்கள். துணி வெள்ளையாகத் திரும்பும்வரை துடைக்க வேண்டும், அதன்பின் வெறுங்கையால் தொடக் கூடாது, விரல் பிசுக்கு பட்ட இடத்தில் பெயின்ட் பிடிக்காது. மெல்லிய பூச்சாக இரண்டு அல்லது மூன்று, இடையில் டப்பாவில் சொன்ன நேரம் காத்திருந்து அடியுங்கள். ஒரே தடவையில் தடிமனாக அடித்தால் சூட்டில் கொப்புளிக்கும். மாட்டிய பிறகு 10 நிமிடம் இஞ்சினை ஓடவிட்டு ஆறவையுங்கள். மீண்டும் சற்றுக் கூடுதல் நேரம் ஓட்டி ஆறவையுங்கள். பிறகு எம்13 சாலையில் பீல்ட்ஸ் ஹில் ஏற்றத்தில் ஏறி ஹில்கிரஸ்ட் வரை ஒரு சுற்றுப் போய்வாருங்கள். ஏற்றத்தில் இஞ்சின் சுமை இழுக்கும்போது வாலில் உள்ள பெட்டிவரை சூடு போய்ச் சேரும். வெளிப் பெயின்டும் இறுகும், உள்ளே தேங்கிய தண்ணீரும் ஆவியாகிப் போகும்.

409 வாங்கினால் உடம்புக்குப் பெயின்ட் தேவையில்லை. வெல்டிங் தையலுக்கும் பிளாஞ்சுக்கும் மட்டும் அடியுங்கள். அலுமினியப் பூச்சுக் குழாயிலும் வெட்டிய விளிம்பு, வெல்டிங் செய்த இடம் இரண்டிலும் பூச்சு எரிந்து போயிருக்கும், துரு அங்கேதான் பிள்ளையார் சுழி போடும். வெல்டிங் செய்பவரிடம் எவர்சில்வர் கம்பிதான் போட வேண்டும் என்று முன்கூட்டியே சொல்லிவிடுங்கள். 409 குழாயைச் சாதாரணக் குழாயோடு இணைப்பதானால் 309 வகைக் கம்பி. நல்ல குழாயைச் சாதாரண இரும்புக் கம்பியால் ஒட்டிவிட்டு, தையல் மட்டும் துருப்பிடித்து வந்த கார்கள் மாதம் ஒன்றாவது என் பட்டறைக்கு வருகின்றன.

ஒன்றை மறந்துவிடாதீர்கள், புகையிலுள்ள ஆக்சிஜனை அளக்கும் ஆக்சிஜன் சென்சார் மீது பெயின்ட் படக் கூடாது. அதன் அருகில் சிலிக்கோன் பசையும் வேண்டாம், சென்சார் கெட்டுவிடும்.

டோங்காட் டீசல்

எங்கள் தாத்தா பழைய இஞ்சின் ஆயிலைத் தூரிகையால் பக்கியின் (பின்னால் திறந்த சுமைவண்டி) அடிப்பகுதி முழுக்கப் பூசுவார். கரும்புத் தோட்டத்துச் செம்மண் அதில் ஒட்டித் தோல் மாதிரி ஆகிவிடும். சேசிஸ் 25 ஆண்டு நின்றது. சைலன்சருக்கும் அதையே பூசினால் என்ன?

பட்டறை அண்ணா

வேண்டவே வேண்டாம். சேசிசுக்குத் தாத்தா செய்தது அக்காலத்துக்குச் சரி, இன்று அதற்கும் மெழுகு வகைப் பூச்சுகள் வந்துவிட்டன. சைலன்சரில் ஆயிலோ, மெழுகோ, தார் போன்ற ரப்பர் பூச்சோ பட்டால் புகையும், நாறும், முன்பக்கக் குழாயில் பட்டால் தீப்பிடிக்கவும் கூடும். அடிப்பகுதிக்குப் பூச்சு அடிக்கக் கொடுக்கும்போது சைலன்சரைத் துணியோ தாளோ சுற்றி மறைத்தார்களா என்று நின்று பாருங்கள். வெப்பத்துக்காகக் குழாயில் நாடா சுற்றும் பழக்கமும் இளைஞர்களிடம் இருக்கிறது. பந்தயக் காருக்கு அது சரி. கடலோரத்தில் அந்த நாடா ஈரத்தையும் உப்பையும் உறிஞ்சிவைத்துக்கொண்டு குழாயைத் தின்றுவிடும்.

கியூர்பிப் மருமகள் (மொரீசியஸ்)

டர்பனில் பிறந்து மொரீசியசில் வாழ்க்கைப்பட்டவள் நான். எங்கள் கியூர்பிப் கடற்கரையில் இல்லை, தீவின் நடுமேட்டில் இருக்கிறது. ஆனாலும் இங்கே மழை ஓய்வதே இல்லை, கார் காய்ந்து நான் பார்த்ததில்லை. புயல் வரும் நாள்களில் கடல்நீர்த் தூறல் உள்ளே வெகுதூரம் அடிக்கிறது. புயல் ஓய்ந்த மறுநாள் என் மாமனார், தோட்டத்துக்கு நீர் தெளிக்கும் சுழல் குழாயைக் காருக்கு அடியில் தள்ளி அரைமணி நேரம் விட்டுவிடுவார். குனிய வேண்டாம், படுக்க வேண்டாம். மேல்பக்கம் வரை நனையும். பிளப்வாசி அண்ணா இதை முயன்று பார்க்கலாம்.

வேதியியல் ஆசிரியர்

நல்ல யோசனை அம்மா. ஒன்று மட்டும் சேர்த்துக்கொள்கிறேன், சைலன்சர் ஆறிய பிறகு தண்ணீர் விட வேண்டும், கழுவிய பின் காரை அப்படியே நிறுத்திவைக்காமல் ஓட்டிக் காயவைக்க வேண்டும். ஈரமான உப்பு, காய்ந்த உப்பைவிடக் கொடியது. நான் ஜோஜோ தொட்டியில் பிடித்த மழைநீரையே இதற்குப் பயன்படுத்துகிறேன்.

லெனேசியா லெட்சுமணன்

அப்படியானால் சைலன்சரின் அடியில் ஒரு சிறு துளை போட்டுவிட்டால் தண்ணீர் தானே வடிந்துவிடாதா? இவ்வளவு பாடு எதற்கு?

பட்டறை அண்ணா

கேட்க வேண்டிய கேள்விதான் ஐயா. பல கம்பெனிகள் தாங்களே 3 மில்லிமீட்டர் அளவில் ஒரு வடிதுளை வைக்கின்றன. பிளப்வாசி தம்பி, உங்கள் பழைய சைலன்சரின் தாழ்ந்த முனையைப் பாருங்கள், இருந்திருந்தால் துரு அடைத்திருக்கும், ஒரு கம்பியால் குத்தினால் திறக்கும். இல்லாத சைலன்சரில் நாமாகத் துளை போடுவதை நான் இருமனத்தோடுதான் செய்கிறேன். பூச்சு ஏற்றிய தகட்டைத் துளைத்தால் துளையின் விளிம்பு வெறும் இரும்பாகிவிடும், அங்கிருந்து துரு வளரும். வண்டி சாலைக்குத் தகுதியானதா என்று பார்க்கும் ரோட்வொர்தி பரிசோதனைக்குப் போகும்போது அதைக் கசிவு என்று எழுதிவிடும் பரிசோதகரும் உண்டு, வண்டியை விற்கும்போது அந்தச் சான்று இல்லாமல் பெயர் மாற்ற முடியாது. 409 சைலன்சரானால் துளை போடலாம், விளிம்பும் எவர்சில்வர்தானே. எதுவானாலும் பின்பெட்டியில் மட்டும். புகையைச் சுத்திகரிக்கும் கன்வர்ட்டருக்கு முன்னால் துளை போட்டால் வெளிக்காற்று உள்ளே புகுந்து சென்சாரின் கணக்கைக் குழப்பிவிடும்.

டோங்காட் டீசல்

என் பக்கிக்கு ஒரு கேள்வி. மத்திமீன் ஓட்டம் வரும் ஜூன், ஜூலையில் படகை இறக்கப் பின்சக்கரம் வரை உப்புத் தண்ணீரில் இறங்குகிறேன். டீசலில் 500, 50 என்று இருவகை விற்கிறார்களே, அதற்கும் துருவுக்கும் தொடர்பு உண்டா?

வேதியியல் ஆசிரியர்

உண்டு. அந்த எண்கள் பத்து லட்சம் பங்கில் எத்தனை பங்கு கந்தகம் என்பதைக் குறிக்கின்றன. கந்தகம் எரிந்து, நீரோடு சேர்ந்து கந்தக அமிலம் வரை போகும். இஞ்சின் ஏற்குமானால் இரண்டும் ஓடும், ஆனால் 50 போடுவதே சைலன்சருக்கு நல்லது, புதிய டீசல் வண்டிகளுக்கு அது கட்டாயமும்கூட. ஆனால் படகோடு கடலில் இறங்குபவருக்குக் கந்தகம் இரண்டாவது பகைவன்தான். அன்று மாலையே நல்ல தண்ணீரால் கழுவிவிடுங்கள், மறுநாள் என்று தள்ளிப் போடாதீர்கள்.

கியூர்பிப் மருமகள்

பிளப்வாசி அண்ணா மகளைப் பள்ளிக்கு அழைத்துப் போவதாக எழுதியிருந்தார். ஓட்டையோடு அந்தக் காரை ஓட்டுகிறீர்களா?

பட்டறை அண்ணா

இதை நான் முதலிலேயே கேட்டிருக்க வேண்டும், தங்கைக்கு நன்றி. ஓட்டைச் சைலன்சரில் சத்தம் சிறிய தொல்லை. புகையிலுள்ள கார்பன் மோனாக்சைடு என்ற நச்சுவாயுதான் பெரிய ஆபத்து, அதற்கு நிறமும் இல்லை, மணமும் இல்லை. குழாய் நடுவில் துருப்பிடித்துப் பிளந்தால், தரைத் தகட்டிலுள்ள ரப்பர் அடைப்பான் வழியே அது காருக்குள் ஏறும். டிக்கி ரப்பர் பழசானால் பின்னாலிருந்தும் புகும். காரில் போகும்போது மட்டும் தலைவலி வருகிறது என்றால் அன்றே நிறுத்துங்கள். மாற்றும்வரை சன்னல் கண்ணாடிகளை இறக்கி ஓட்டலாம் என்று நான் சொல்ல மாட்டேன், குழந்தையை அதில் ஏற்ற வேண்டாம்.

பிளப்வாசி

சைலன்சரைக் கழற்றிய நாளிலிருந்து கார் நிற்கிறது அம்மா, அண்ணன் காரில்தான் மகள் போய்வருகிறாள்.

இரண்டு வாரத்துக்குப் பிறகு எழுதுகிறேன். 409 சைலன்சர் மாட்டியாகிவிட்டது. காந்தம் ஒட்டியது, நான் சண்டைக்குப் போகவில்லை. பிளாஞ்ச் போல்ட்களும் எவர்சில்வரில் மாற்றினேன். மரைகள் இறுகிப்போகாமலிருக்கச் செம்புப் பசை தடவிக் கொடுத்தார்கள். தையலுக்கு மட்டும் பெயின்ட் அடித்து, ஞாயிற்றுக்கிழமை குடும்பத்தோடு பீல்ட்ஸ் ஹில் ஏறிவந்தோம். இனி வாரம் ஒரு முறை அண்ணனும் நானும் காரை மாற்றிக்கொள்வதாக ஏற்பாடு, அவர் என் காரைப் பீட்டர்மாரிட்ஸ்பர்க் கொண்டுபோய்க் காயவைத்துத் தருவார்.

பழைய சைலன்சரை உலோகம் வெட்டும் கிரைண்டரால் நீளவாக்கில் பிளந்து பார்த்தேன். மேல்பாதித் தகடு இன்னும் கெட்டியாக, கரிபடிந்து கருப்பாக இருக்கிறது. கீழ்ப்பாதியில் தண்ணீர் நின்ற மட்டத்துக்கு ஒரு கோடு, குளத்துப் படிக்கட்டில் தெரியும் பாசிக்கோடு போல நேராக ஓடுகிறது. அந்தக் கோட்டுக்குக் கீழே கட்டைவிரலால் அழுத்தினேன், விரல் மறுபக்கம் வந்துவிட்டது. தாழ்ந்த முனையில் வடிதுளையும் இருந்தது அண்ணா. அதை அடைத்திருந்தது துரு அன்று, நான் இரண்டாவது முறை அடித்த வெள்ளிப் பெயின்ட்.